யூனிஃபார்மில் வந்த சிரிப்பு

ஒரகடம் கூட்டு ரோடு சிக்னலில் எங்கள் கம்பெனி பஸ் மாட்டிக்கொண்டு நின்றபோதுதான் எல்லாம் ஆரம்பித்தது. காலை ஷிப்ட் முடிந்து மூன்று மணிக்குக் கிளம்பிய பஸ். முன்னால் புதுக் கார்களை அடுக்கி ஏற்றிய ஒரு டிரெய்லர் லாரி, திரும்பவும் முடியாமல் போகவும் முடியாமல் ரோட்டை அடைத்துக்கொண்டிருந்தது. வெயில். பாதிப் பேர் தூங்கிவிட்டார்கள். அசெம்பிளி லைனில் வேலை பார்க்கும் பிள்ளைப்பாக்கத்து அக்கா ஒருவர் சீட்டிலிருந்து எழுந்து, நடுவில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்று, யாரையும் குறிப்பாகப் பார்க்காமல் ஆரம்பித்தார்.

“லைன்ல டாய்லெட் போவணும்னா ரிலீவர் வரணும். நம்ம எடத்துல அவ வந்து நின்னாத்தான் நாம நகர முடியும். காலைல பத்து மணிக்குக் கேக்கறேன், எங்கம்மா ரிலீவருன்னு. ரிலீவரு டாய்லெட் போயிருக்காளாம்.”

பஸ்ஸே குலுங்கியது. அக்கா நிறுத்தவில்லை. வெளிநாட்டு ஐயாக்கள் ஆடிட்டுக்கு வருகிறார்கள் என்று கேட்டிலிருந்து கேன்டீன் வரை பெயிண்ட் அடித்த கதைக்குப் போனார். “தொட்டிக்கு அடிச்சானுங்க, சரி. தொட்டில கீற செடிக்கும் பச்சை அடிச்சானுங்க. நான் கொஞ்ச நேரம் அசையாம நிக்கவே பயந்துக்கினு இருந்தேன்.”

இருபது கைகள் மொபைலைத் தூக்கின. அன்றைக்கு சாயங்காலமே பஸ் குரூப்பில் அஞ்சு வீடியோ வந்தது. வீட்டில் உட்கார்ந்து அஞ்சையும் பார்த்தேன். ஒன்றுக்குக்கூட சிரிப்பு வரவில்லை. அதே அக்கா, அதே பேச்சு, அதே டைமிங். என்ன போயிற்று?

திரும்பத் திரும்பப் பார்த்ததில் பிடிபட்டது. பஸ்ஸில் நான் சிரித்ததில் பாதி, மற்றவர்களைப் பார்த்துச் சிரித்தது. ஜன்னலில் தலை சாய்த்துத் தூங்கியவர் திடுக்கென்று எழுந்து, எதற்கென்றே தெரியாமல் சேர்ந்து சிரித்தார். டிரைவர் கண்ணாடியில் அக்காவைப் பார்த்தபடி துண்டால் கண்ணைத் துடைத்தார். நிஜ ரிலீவர் பெண் என் முன்சீட்டில் முகத்தை மூடிக்கொண்டு, “ஐயோ அக்கா, என்னைய வுடுங்க” என்றாள். இதெல்லாம் எந்த வீடியோவிலும் இல்லை. இருபது மொபைலும் அக்காவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தன.

ஸ்டாண்டப் காமெடி பார்க்கும் பைத்தியம் எனக்குக் காலேஜிலேயே பிடித்தது. முடிந்ததும் கடைசியில் ஓடும் பெயர்களையும் விடாமல் படிப்பேன். “இயக்கம்” என்று ஒரு பெயர் வரும். அப்பா ஒருமுறை கேட்டார், “ஒரு ஆளு மைக்கைப் புடிச்சிக்கினு நின்னு பேசறான். இதுக்கு டைரக்டர் எதுக்கு? ‘நில்லு’ன்னு சொல்றதுக்கா?” மெக்கானிக்கல் படித்து, குவாலிட்டியில் சேர்ந்து, நாளெல்லாம் கார் சீட்டுப் பாகங்களில் கீறல் தேடுகிற வேலையில் இரண்டு வருஷம் போனபிறகு, அந்த அஞ்சு வீடியோவில்தான் அப்பா கேட்டதற்குப் பதில் கிடைத்தது. எப்போது அக்காவைப் பார்க்கவேண்டும், எப்போது அக்காவை விட்டுவிட்டு அந்தத் தூங்குமூஞ்சியைப் பார்க்கவேண்டும் என்று யாராவது ஒருவர் முடிவு பண்ணவேண்டும். அந்த ஒருவர் நானாகவே இருந்தால் என்ன?

மறுநாளே தேட ஆரம்பித்துவிட்டேன். எனக்கு ஆறப்போடத் தெரியாது. சென்னையில் ஒரு காமெடி அரங்கத்தில் புது ஆட்களுக்கு இடம் கொடுக்கிறார்கள் என்று தெரிந்தது. நாற்பது நிமிஷ நிகழ்ச்சி ஒன்றை நிஜமான ஆடியன்ஸ் முன்னால் நடத்தி, ஆடியன்ஸும் தெரிகிற மாதிரி படம் பிடித்து, ஆடி மாசக் கடைசிக்குள் அனுப்பவேண்டும். பிடித்திருந்தால் ஒரு சனிக்கிழமை அவர்கள் மேடை, முழுசாக ஒரு மணி நேரம், அதை அவர்களே வெளியிடுவார்கள்.

அக்காவிடம் கேன்டீனில் சொன்னேன். மோர்க் குழம்பைச் சோற்றில் பிசைந்துகொண்டே கேட்டார்.

“நின்னுக்கினுதான் பேசணுமா?”

“ஆமாக்கா. அதனாலதான் அதுக்கு ஸ்டாண்டப்னு பேரு.”

“எட்டு வருஷமா லைன்ல நின்னுக்கினேதான் கீறேன். இதுவரிக்கும் ஒருத்தன் கை தட்டுனதில்ல.” இரண்டு வாய் சாப்பிட்டார். “இன்னமும் காண்ட்ராக்ட்தான். வருஷா வருஷம் அடுத்த வருஷம் பர்மனென்ட்டுன்றானுங்க. இது ஒண்ணாவது நெசமா நடக்குமா, கண்ணு? சும்மா ஆசை காட்டாத.”

அவர் விளையாட்டாகத்தான் கேட்டார். ஆனால் கை சோற்றில் நின்றுவிட்டது. அந்தக் கையைப் பார்த்துதான் நான் “நடக்கும்” என்று சொல்லித் தொலைத்தேன்.

ஒத்திகை அக்கா வீட்டு மொட்டை மாடியில். நான் நோட்டும் பேனாவுமாகப் போனேன். அக்கா நோட்டைப் பார்த்ததும் வாயை மூடிக்கொண்டார். “எழுதுனா பேச்சு செத்துப்போவும்” என்றார். சரி, எழுத வேண்டாம். மொபைலில் ஸ்டாப்வாட்ச் வைத்தேன். அக்காவிடம் ஒரே ஒரு பிரச்சினை. ஜோக்கைச் சொல்லி முடிப்பதற்குள் அவருக்கே சிரிப்பு வந்துவிடும். நாம் சிரிக்கவேண்டிய இடத்தை அவரே சாப்பிட்டுவிடுவார். அதனால் ஒவ்வொரு ஜோக் முடிந்ததும் நாலு விநாடி, முகத்தில் ஒன்றும் காட்டாமல், மைக்கைப் பிடித்தபடி சும்மா நிற்கச் சொன்னேன்.

“இன்னாது, எனக்கு சைக்கிள் டைம் எடுக்கறியா? ஒரு வேலைக்கு எத்தினி விநாடின்னு லைன்ல எடுக்கறது பத்தலியா?”

“நாலே விநாடிக்கா.”

“நாலு விநாடில நான் ஒரு சீட்டுக்கு போல்ட்டு போட்டு முடிச்சிருவேன், தெரிமா?”

ஆனால் நின்றார். மூன்றாம் நாள் அவருக்கே ருசி தெரிந்துவிட்டது. எங்கள் கம்பெனியில் எந்தத் தப்பு நடந்தாலும் அஞ்சு தடவை ‘ஏன்’ கேட்டு எழுதவேண்டும் என்று ஒரு முறை இருக்கிறது. அக்கா அதை வீட்டுக்காரர் மேல் கொண்டுபோய் வைத்தார். “ஏன் லேட்டுன்னு கேட்டேன். பஸ்ஸு லேட்டுன்னாரு. பஸ்ஸு ஏன் லேட்டுன்னு கேட்டேன். டிராஃபிக்குன்னாரு. மூணாவது ஏன்ல ஃப்ரெண்டு வந்தான். நாலாவது ஏன்ல பிரியாணி வந்துச்சு. அஞ்சாவது ஏன் கேக்கலாம்னு வாயத் தொறக்கறேன், மாமியாரு வந்துட்டாங்க.” அதன் பிறகு நாலு விநாடி நின்றார். கீழே துணி காயப்போட்டுக்கொண்டிருந்த பக்கத்து வீட்டம்மா அங்கிருந்தே ஹோவென்று சிரித்தார். மாடியில் என்ன நடக்கிறது என்றே அந்தம்மாவுக்குத் தெரியாது.

கேமராவுக்கு என் காலேஜ் நண்பன். சுங்குவார்சத்திரத்தில் கல்யாண வீடியோ எடுக்கிறான். ஆடி மாசம் என்பதால் அவனும் சும்மா இருந்தான், வல்லக்கோட்டையில் அவனுக்குத் தெரிந்த கல்யாண மண்டபமும் சும்மா இருந்தது. மூன்று கேமராவோடு வந்து இறங்கினான். ஒன்று அக்காவுக்கு, இரண்டு ஆடியன்ஸுக்கு என்றேன். அவனுக்கு மனசே ஆறவில்லை.

“ட்ரோன் வேணாமா?”

“மண்டபத்துக்குள்ள எதுக்குடா ட்ரோன்?”

“வந்துச்சுன்னா ஒரு கெத்தா இருக்கும். சரி, அக்கா மேல ரோஜாப்பூ விழற மாதிரி எஃபெக்ட்டாவது போடவா?”

பழக்கதோஷம். எல்லோரையும் “இந்தப் பக்கம் பாத்து ஸ்மைல் பண்ணுங்க” என்று கூப்பிடாமல் அவனால் இருக்கவே முடியாது. ஆடியன்ஸ் பக்கம் போய் யாரிடமாவது பேசினால் கேமராவைப் பிடுங்கிவிடுவேன் என்று மிரட்டி வைத்தேன்.

இனி என் மூளையின் உச்சத்தைச் சொல்கிறேன். ஆடியன்ஸை எப்படிக் கொண்டுவருவது? ஷிப்ட் முடிந்து வீட்டுக்குப் போனவர்கள் திரும்ப வரமாட்டார்கள். குளித்து, சாப்பிட்டு, தூங்கிவிடுவார்கள். அதனால் மூன்று மணி பஸ்ஸையே நேராக மண்டபத்துக்கு விடச் சொல்லி டிரைவரண்ணனைப் பிடித்தேன். டீ, வாழைக்காய் பஜ்ஜி. மூன்றே முக்காலுக்கு நிகழ்ச்சி. அஞ்சு மணிக்கு அதே பஸ்ஸில் அவரவர் ஸ்டாப். அறுபது பேர் வந்தார்கள். ஒரு ஆள் நழுவவில்லை. வாசலில் நின்று எண்ணி எண்ணி எனக்கு நானே முதுகில் தட்டிக்கொண்டேன்.

அக்கா மாம்பழக் கலர் புடவையில் மேடை ஏறினார். முதல் ரெண்டு நிமிஷம் மைக்கை ரெண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார். ரிலீவர் ஜோக்குக்கு மண்டபமே அதிர்ந்ததும் ஒரு கையை விட்டார். கம்பெனி பெயரைச் சொல்லவே கூடாது என்று பேசி வைத்திருந்தோம், சொல்லவில்லை.

மூன்றாவது வரிசையில் அக்காவின் லைன் சூப்பர்வைசர் உட்கார்ந்திருந்தார். மதுரைப் பக்கத்துக்காரர். பதினைந்து வருஷமாக இங்கே இருக்கிறார். லைனில் அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. அவர் வந்திருப்பது தெரிந்தே அக்கா அவரிடம் போனார்.

“எங்க சூப்பர்வைசருக்கு மேனேஜர்கிட்டேந்து போன் வந்தா எழுந்து நிப்பாரு. போன்லதாம்பா! பெல்ட்ட இழுத்து வுட்டுக்கினு, சட்டைய சரி பண்ணிக்கினு நிப்பாரு. வீடியோ கால் கூடக் கெடையாது. ‘சார், வூட்டம்மா போன் பண்ணாலும் இப்டித்தான் நிப்பீங்களா’ன்னு கேட்டேன். ‘அப்ப எங்கம்மா நிக்க நேரம், ஓடணும்ல’ன்றாரு.”

அறுபது தலையும் மூன்றாவது வரிசைக்குத் திரும்பியது. அவர் இரண்டு விநாடி அசையவில்லை. பிறகு தோள் குலுங்கியது. பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டார். கடைசியில் முன்சீட்டு முதுகில் நெற்றியை வைத்து, கண்ணாடியைக் கழற்றி, அழுகிற மாதிரியே சிரித்தார். என் இரண்டாவது கேமரா அதை முதலிலிருந்து கடைசிவரை அப்படியே பிடித்துவிட்டது. நண்பன் என்னைப் பார்த்துக் கட்டைவிரலைத் தூக்கினான். நான் வாழ்க்கையில் அவ்வளவு சந்தோஷமாக இருந்தது அபூர்வம்.

அந்தச் சந்தோஷம் ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணிவரை நீடித்தது.

எடிட்டிங்கில் உட்கார்ந்து சூப்பர்வைசர் சிரிப்பை மூன்றாவது முறை ஓட்டினேன். நல்ல இடத்தில் நிறுத்திப் பார்க்கலாம் என்று நிறுத்தினேன். அவர் நெஞ்சில் கம்பெனி லோகோ, துல்லியமான ஃபோகஸில். பக்கத்தில் இருந்தவர் நெஞ்சிலும் அதுவே. பின்னால் இருந்தவர் நெஞ்சிலும். அறுபது பேரும் ஷிப்டிலிருந்து நேராக வந்தவர்கள். அறுபது பேரும் யூனிஃபார்மில்.

எங்கள் கேட்டுப் பக்கத்திலேயே போர்டு வைத்திருக்கிறார்கள்: யூனிஃபார்மோடு எந்த வீடியோவிலும் வரக்கூடாது. ஒரு பையன் யூனிஃபார்மில் டான்ஸ் ஆடிப் போட்டு ஒரு வாரம் சஸ்பெண்டாகி வெளியே நின்றான். இங்கே டான்ஸ் கூட இல்லை, மேனேஜருக்குப் பயப்படுவதைக் கிண்டல் பண்ணுகிற இடத்தில் அறுபது பேர் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். அக்கா கம்பெனி பெயரைச் சொல்லாமல் காப்பாற்றியதை நான் அறுபது நெஞ்சில் எழுதிக் காட்டிவிட்டேன்.

நாளெல்லாம் கீறல் தேடுகிற என் கண்ணுக்கு இது எப்படித் தெரியாமல் போயிற்று? வாசலில் நின்று எண்ணினேனே! காரணம் சிம்பிள். தினமும் பார்க்கிற துணி. நானும் அன்றைக்கு அதே யூனிஃபார்மில்தான் நின்றுகொண்டிருந்தேன். டவுனிலிருந்து வந்த எந்த டைரக்டரும் முதல் நிமிஷத்தில் பார்த்திருப்பார்.

லோகோவை மங்கலாக்கிப் பார்த்தேன். அக்காவிடம் காட்டினேன். “இன்னா கண்ணு, எல்லாரும் திருட்டு கேஸ்ல மாட்டுன மாதிரி கீறாங்க” என்றார். உண்மை. அறுபது பேர் நெஞ்சில் புகைமூட்டம். சிரிக்கிற முகத்தைப் பார்க்கவே தோன்றவில்லை, அப்படி என்னத்தை மறைத்திருக்கிறார்கள் என்றுதான் கண் போகிறது. அதுவுமில்லாமல், முகம் தெரிந்தால் ஆள் தெரியாதா?

ஒரே ஒரு சிரிப்பையாவது காப்பாற்றலாம் என்று, சூப்பர்வைசரின் முகத்தை மட்டும் நெஞ்சு தெரியாதபடி நெருக்கமாக வெட்டி எடுத்து வைத்துக்கொண்டேன். அவரிடம் கேட்காமல் போட மனசு வரவில்லை. திங்கட்கிழமை டீ பிரேக்கில் பார்க்கிங் பக்கம் வரச் சொல்லி, பைக் சீட்டின்மேல் லேப்டாப்பை வைத்துக் காட்டினேன்.

அவர் குனிந்து பார்த்தார். ஓடி முடிந்தது.

“இன்னொருக்கா போடும்மா.”

போட்டேன்.

“நெசம்மாவே நானா இது? இம்புட்டுச் சத்தமாவா சிரிச்சேன்?”

“ஆமா சார். மொத்த ஷோவுலயே இதான் பெஸ்ட்டு.”

“எங்க வீட்ல காட்டுனா நம்ப மாட்டாக.” கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். “நல்லா இருக்கும்மா. ஆனா போடாத. மேனேஜர் பாத்தா, அவரச் சொல்லிச் சிரிச்ச ஆளுன்னு என் மூஞ்சி மட்டும்ல நிக்கும்? சிரிச்சது நெசந்தான். இல்லேன்னு சொல்ல எனக்கு வாய் வராது.”

சைரன் ஊதியது. போனார். நான் அந்த வீடியோத் துண்டை அங்கேயே, அவர் கேட்டுக்குள் நுழைவதற்குள், அழித்தேன். பின்னால் மனசு மாறிவிடுமோ என்று என்மேலேயே எனக்குப் பயம்.

ஆடி முடிய மூன்று நாள்தான் இருந்தது. முகமே இல்லாமல் வெட்டினேன். அக்கா, அக்கா, அக்கா. நடுநடுவே பின்மண்டைகள். சிரிப்புச் சத்தம் மட்டும் இருக்கும். அனுப்பினேன். பத்து நாளில் பதில் வந்தது. அக்காவின் பேச்சு ரொம்பப் பிடித்திருக்கிறது. ஆனால் ஆடியன்ஸ் எங்கே, சிரிப்பைப் பின்னால் சேர்த்தது மாதிரி இருக்கிறதே என்று சந்தேகப்பட்டிருந்தார்கள். நிஜமான நிகழ்ச்சி என்று தெரிகிற மாதிரி தீபாவளிக்குள் இன்னொன்று அனுப்பினால் பார்ப்பார்களாம். அதற்குமேல் வாய்ப்பில்லை.

கடவுளே, சேர்த்த சிரிப்பாம்! அந்தச் சிரிப்பை நான் அழித்த வேதனை எனக்கல்லவா தெரியும்.

அன்றைக்கு பஸ்ஸில் அக்கா பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். சொன்னேன். சூப்பர்வைசர் கதையையும் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன்.

“அழிச்சிட்டியா?”

“அழிச்சிட்டேன்க்கா.”

“நல்ல வேலை பண்ண. அவரு வேலை போச்சுன்னா நான் யார வச்சு ஜோக்கு சொல்றது?” ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். வெளியே பார்த்தபடியே, “இன்னொரு வாட்டின்னா எனக்கு ஓகேதான். ஆனா இன்னொரு வாட்டி சொதப்புனன்னு வச்சிக்கோ, அப்புறம் நான் வரமாட்டேன். பஸ்ஸுலயே பேசிக்கினு இருந்துருவேன்” என்றார். அதில் சிரிப்பு இல்லை. நாலு விநாடி காத்துப் பார்த்தேன், அப்போதும் வரவில்லை.

இப்போது ஆயுத பூஜைக்கு மூன்று வாரம் இருக்கிறது. வருஷத்தில் அந்த ஒரு நாள்தான் எங்கள் கம்பெனியில் யாரும் யூனிஃபார்மில் வருவதில்லை. மெஷினுக்கெல்லாம் சந்தனம், குங்குமம். பட்டுப் புடவை, பட்டு வேட்டி. குழந்தைகள்கூட உள்ளே வந்து அப்பா நிற்கும் இடத்தைப் பார்க்கும். பதினொரு மணிக்குப் பூஜை முடிந்து, பொரியும் சுண்டலும் கையில் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். புரட்டாசி என்பதால் மண்டபம் காலி, நண்பனும் காலி. பஸ் அன்றைக்கும் உண்டு, நேராக மண்டபத்துக்கு.

துணி மாறினால் மட்டும் போதாது என்று இந்தத் தடவை தெரிந்திருக்கிறது. அதனால் மண்டபத்தை நடுவில் பிரிக்கப்போகிறேன். முகம் வந்தால் பரவாயில்லை என்கிறவர்கள் ஒரு பக்கம், வேண்டாம் என்கிறவர்கள் இன்னொரு பக்கம். அந்தப் பக்கம் கேமராவே திரும்பாது. வாசலில் நின்று எண்ணுகிற வேலை எனக்குக் கிடையாது. ஒவ்வொருவரையும் முன்னாலேயே தனியாகப் பார்த்து, என்ன எடுக்கிறோம், எங்கே போகும், யார் பார்ப்பார்கள் என்று சொல்லிக் கேட்கவேண்டும். வேண்டாம் என்றால் ஏன் என்று ஒரு தடவைகூடக் கேட்கக் கூடாது.

மேனேஜர் ஜோக்கை வைப்பதா எடுப்பதா என்று அக்காவுக்கும் எனக்கும் இன்னும் சண்டை. எடுக்கலாம் என்கிறேன் நான். “அத எடுத்துட்டா மீதிய நீயே பேசிக்கோ” என்கிறார் அவர். அநேகமாக ஜோக் இருக்கும். நேற்று ஒரு பெரிய வெள்ளைத் தாளில் மண்டபத்தை வரைந்து, இரண்டு பக்கத்துக்கும் நாற்காலிகளைப் போட்டுப் பார்த்தேன். எந்தப் பக்கம் எத்தனை என்று இன்னும் எழுதவில்லை. நாளை காலை ஷிப்டிலிருந்து கேட்க ஆரம்பிக்கிறேன். முதலில் கேன்டீனில் சாம்பார் ஊற்றுகிற அண்ணன். அவர் சிரித்தால் மூன்று பெஞ்சுக்குக் கேட்கும். அவர் எந்தப் பக்கம் உட்காருவேன் என்று சொல்கிறாரோ, அங்கிருந்து கேமராவின் இடத்தைக் குறிக்கவேண்டும்.